பச்சைப் புழுக்களை இனங்காணல்

தோட்டஞ் செய்வார் எவரும் பச்சைப் புழுவைக் காணாதிருத்தல் அரிது. காலையிற் கறிவேப்பிலை பறிக்கச் சென்றால் இலையோடு இலையாக ஒன்று ஒட்டிக்கொண்டிருக்கும். கோவாவை அரியும்போது குருத்தினுள் ஒன்று நெளியும். ஆசையோடு நட்ட தேசிக்கன்று சில நாளில் தளிரெல்லாம் இழந்து, நரம்பு மட்டும் எஞ்சி நிற்கும். கண்டவுடன் நாம் செய்வது யாது? காலால் மிதித்து விடுகின்றோம். அல்லது கடையில் மருந்து வாங்கித் தெளித்து விடுகின்றோம். அப்புழு இன்னதென்றும், அஃது எதனை உண்பதென்றும், வளர்ந்து யாதாகும் என்றும் வினவுவார் நம்மிற் சிலரே.

நாவலப்பிட்டியிலிருந்து அட்டனை நோக்கி ஏறும் புகையிரதம் வட்டவளையைக் கடந்தபின் நிற்கும் சிறு நிலையம் றொசல்ல. தென்மேற்குப் பருவமழையை நேரே ஏற்கும் மலைச்சரிவு ஆதலின், இங்கு ஆண்டிற் பெரும்பகுதியும் ஈரம் குன்றாது. ஈரம் குன்றாத இடத்தில் இலைக்குக் குறைவில்லை. இலை உள்ள இடத்திற் புழுவுக்கும் குறைவில்லை. தேயிலை மலைகளின் நடுவே, லயங்களின் முன்றிலிலும் ஆசிரியர் விடுதிகளின் பின்புறத்திலும், கோவாவும் கறிவேப்பிலையும் றோசாவும் நந்தியாவட்டையும் வளர்க்கும் வழக்கம் இப்பகுதியெங்கும் உண்டு. எமது கல்லூரியிற் பயின்றோர் ஆசிரியராயும் வைத்தியராயும் எழுதுவினைஞராயும் மலைநாட்டில் வாழ்ந்திருக்கின்றனர், இன்றும் வாழ்கின்றனர். அவர்க்கும், விலங்கியல் பயிலும் இளைய மாணவர்க்கும் பயன்படுமாறு, பச்சைப் புழுவை இனங்காணும் முறையை ஈண்டுச் சுருக்கிக் கூறுவாம்.

இது வெறும் பொழுதுபோக்கன்று. பகை இன்னது, நட்பு இன்னது என்று அறியாது மருந்து தெளித்ததன் விளைவை இலங்கையின் தேயிலை மலைகள் ஒருகாற் பட்டறிந்தன. அவ்வரலாற்றைப் பின்னர் உரைப்பாம்.

நிறத்தை நம்பலாகாது

வண்ணத்துப்பூச்சியும் அந்துப்பூச்சியும் நான்கு பருவங்களைக் கடப்பன என்பதை மாணவர் அறிவர். முட்டை, குடம்பி, கூட்டுப்புழு, நிறைவுயிர் என்பன அவை. குடம்பி என்பதே நாம் தோட்டத்திற் காணும் புழு. அதன் வாழ்க்கைப் பணி உண்டு வளர்தல் ஒன்றே. வளருந்தோறும் தோல் போதாமையால் அதனைப் பலமுறை உரிக்கும்.

இக்குடம்பிகளிற் பச்சை நிறமுடையன மிகப் பல. அந்நிறம் பெரும்பாலும் இலையிலிருந்து பெறும் மஞ்சட் பொருளும், உடலில் உண்டாகும் நீலப் பொருளும் கலத்தலால் வருவது. பறவையின் கண்ணுக்கு இலையும் புழுவும் ஒன்றாய்த் தோன்றுதலே அதனால் விளையும் நன்மை. ஒன்றுக்கொன்று சிறிதும் உறவில்லாத பல இனங்கள் இந்த ஒரு நிறத்தையே பூண்டிருக்கின்றன. அன்றியும், ஓரினப் புழுவே பருவத்திற்குப் பருவம் நிறம் மாறும். தேசியில் வாழும் புழு இளமையிற் பறவையின் எச்சம் போலக் கபிலமும் வெள்ளையுமாய் இருந்து, இறுதித் தோல் உரித்தபின்னரே பச்சையாகின்றது. தக்காளிக் காயைத் துளைக்கும் புழுவோ, ஒரே செடியிற் பச்சையாகவும் கபிலமாகவும் இளஞ்சிவப்பாகவும் காணப்படும். ஆதலால் “பச்சைப் புழு” என்பது பெயராகாது. பெயரை அறிய வேறு இரண்டு கேள்விகளைக் கேட்டல் வேண்டும்.

முதற் கேள்வி: எந்தச் செடியில் இருந்தது?

புழுக்களிற் பெரும்பாலன கண்ட இலையெல்லாம் உண்பனவல்ல. ஒரு குடும்பச் செடிகளை மட்டும் உண்டு, மற்றவற்றைத் தீண்டாது பட்டினி கிடந்து மாள்வனவும் உள. தாய்ப்பூச்சி தன் காலாலும் உணர்கொம்பாலும் இலையின் சுவையும் மணமும் அறிந்தே முட்டையிடுகின்றது. ஆதலின் புழுவைக் கண்ட செடியின் பெயரை அறிந்தால், புழுவின் பெயரிற் பாதியை அறிந்தவராவோம். செடியை விட்டுப் புழுவை மட்டும் ஒரு பெட்டியிற் கொண்டுவந்து “இஃது என்ன?” என்று வினவுவார்க்கு விடை கூறல் கடினம்.

இவ்வுண்மையை உலகிற்குத் தெளிவாக்கியவருள் முதன்மையானவர் ஒரு பெண்மணி. 1647 ஆம் ஆண்டில் யேர்மனியிற் பிறந்த மரியா சிபில்லா மேரியன், இளவயதிலேயே பட்டுப்புழு வளர்த்துப் பழகி, 1679 ஆம் ஆண்டில் வெளியிட்ட தமது நூலில் ஒவ்வொரு புழுவையும் அஃது உண்ணும் செடியின்மீதே வரைந்து காட்டினார். முட்டையும் புழுவும் கூடும் பூச்சியும் ஒரே படத்தில் அமைந்தன. எமது நாட்டிலும் இம்மரபு சிறந்து விளங்கிற்று. 1880 ஆம் ஆண்டு முதல் 1887 ஆம் ஆண்டு வரை மூன்று பாகங்களாக வெளிவந்த பிறெட்றிக் மூரின் இலங்கை வண்ணத்துப்பூச்சி நூலுக்குப் படம் வரைந்தோர், பேராதனைப் பூந்தோட்டத்தின் சித்திரக்காரரான டி அல்விஸ் குடும்பத்தினர். உயிருள்ள புழுவை முன்வைத்து அவர்கள் தீட்டிய வண்ணப் படங்கள் இன்றும் அறிஞர்க்குப் பயன்படுகின்றன.

இரண்டாங் கேள்வி: எத்தனை கால்?

அடுத்துப் புழுவைத் திருப்பிக் கால்களை எண்ணுக. தலைக்கு அடுத்த மூன்று வளையங்களில் மூன்று சோடி உண்மைக் கால்கள் உள. அவை கூரியன, மூட்டுடையன. அவற்றின்பின் வயிற்றுப் பகுதியிலே சதைப்பற்றான பொய்க்கால்கள் உள. உண்மையான வண்ணத்துப்பூச்சிப் புழுவிலும் அந்துப்பூச்சிப் புழுவிலும் பொய்க்கால்கள் ஐந்து சோடிக்கு மேற்படா. நடுவே நான்கு சோடி, வாலில் ஒரு சோடி என்பது பொதுவான அமைப்பு.

நடுக்காலிற் சில குறைந்தால் நடையும் மாறும். பொய்க்கால் இரண்டு சோடி மட்டும் உள்ள புழு, முதுகை வில்லாக வளைத்து, சாண் அளப்பதுபோல் நடக்கும். மூன்று சோடி உள்ளது அரைகுறையாக வளைந்து நடக்கும். கோவாவிலும் போஞ்சியிலும் காணும் பச்சை வளையப்புழு இத்தகையது. அதன் உடல் தலைப்பக்கம் ஒடுங்கி வாற்பக்கம் பருத்திருக்கும்.

பொய்க்கால் ஆறு சோடியாயினும் அதனின் மிக்கதாயினும், அது வண்ணத்துப்பூச்சியின் புழுவன்று. குளவிக்கும் எறும்புக்கும் உறவான இலை அரியும் ஈயின் புழு. கடுகு, முள்ளங்கி முதலியவற்றை அழிக்கும் அவ்வினப் புழு ஒன்று இந்தியாவில் நன்கு அறியப்பட்டது. அதற்குப் பொய்க்கால் எட்டுச் சோடி. இவ்வேறுபாடு ஏட்டுச் சுரைக்காயன்று. புழுக்களுக்கு நோயூட்டிக் கொல்லும் ஒருவகைப் பற்றீரியாவை மருந்தாக விற்கின்றனர். மனிதர்க்கும் குளவிக்கும் தீங்கு குறைந்த அம்மருந்து வண்ணத்துப்பூச்சி, அந்துப்பூச்சி இனப் புழுவைக் கொல்லும். இலை அரியும் ஈயின் புழுவை ஒன்றுஞ் செய்யாது. கால் எண்ணாதவர் காசை இழப்பர்.

காலும் இல்லை, தலையும் தெளிவாகத் தெரியவில்லை, ஆயினும் பச்சையாய் அட்டைபோல் நகர்கின்றது என்றால், அதனைக் கட்டாயம் விட்டுவிடுக. றோசாத் தளிரிலும் கோவா இலையிலும் அழுக்கணவன் மொய்த்திருக்கும் இடத்திலே இது காணப்படும். இது பூவின்மேல் அசையாது நின்று பறக்கும் ஒருவகை ஈயின் குடம்பி. இலையை இது தின்னாது. அழுக்கணவனைப் பிடித்து உறிஞ்சியே வளரும். இந்நண்பனை மிதித்துவிட்டு, பின்னர் அழுக்கணவனுக்கு மருந்து தேடுதல் அறிவுடைமையாகாது.

வீட்டுத் தோட்டத்திற் காண்பன

இனி, மலைநாட்டு வீட்டுத் தோட்டங்களில் அடிக்கடி காணும் சிலவற்றைத் தனித்தனியே நோக்குவாம்.

தேசி, தோடை, கறிவேப்பிலை ஆகியவற்றில், ஏறக்குறைய ஒரு விரல் நீளத்தில், முன்பக்கம் பருத்து, கண்போன்ற இரு புள்ளிகளோடு காணப்படும் மழமழப்பான பச்சைப் புழு, வாலுடைய அல்லது வாலில்லாப் பெரிய வண்ணத்துப்பூச்சி இனத்தது. அக்கண்கள் பொய்க்கண்கள், உண்மைத் தலை அவற்றின் முன்னே குனிந்து மறைந்திருக்கும். அதனைத் தொட்டால் கழுத்திலிருந்து செந்நிறமான கவர்க்கொம்பு ஒன்றை வெளியே நீட்டும். காரமான நாற்றமும் எழும். கண்டு அஞ்சற்க, அக்கொம்பு கொட்டாது, எறும்பையும் சிறு பகைகளையும் துரத்துதற்கே அஃது உளது. வளர்ந்த மரத்திற்கு இப்புழுவாற் கேடில்லை. நாற்றுக்கும் ஒட்டுக்கன்றுக்குமே இடருண்டு. கன்றிலிருந்து கையால் எடுத்துப் பெரிய மரத்தில் விட்டால் மரமும் வாழும், பூச்சியும் வாழும்.

நந்தியாவட்டையிலும் அலரியிலும் காண்பது இதனினும் பெரியது. தடித்த பச்சை உடலில், முன்பக்கத்தே கருவளையம் சூழ்ந்த நீலமும் வெண்மையுமான இரு கண்கள் பொறித்தாற்போலத் தோன்றும். வாலின்மேல் ஒரு சிறு கொம்பு நிற்கும். கோயில் நந்தவனங்களில் இதனைக் கண்டு பாம்புக் குட்டி என்று அஞ்சுவாரும் உளர். இக்கொம்பிலும் நஞ்சில்லை. மாட்டுக்கும் மனிதர்க்கும் நஞ்சாகும் அலரி இலையை இஃது உண்டு செழிப்பது வியப்பிற்குரியது. கூடாகும் காலம் அணுகியதும் நிறம் மங்கிக் கபிலமாகி, செடியை விட்டிறங்கி, நிலத்தில் விரைந்து ஊர்ந்து மறைவிடம் தேடும். அந்நிலையிற் காண்போர் அதனை வேறொரு புழுவென்றே மயங்குவர். அதிலிருந்து வெளிப்படுவது, அந்தியிற் பூவின்முன் சிறகடித்து நின்று தேனருந்தும் பசும்பட்டுப் போன்ற பெரிய அந்துப்பூச்சி.

கோவாவின் நிலை வேறு. இலையின் அடிப்புறத்தைச் சுரண்டி, மேல்தோலைக் கண்ணாடிச் சாளரம்போல் விட்டுவைக்கும் சிறு புழு, முழு வளர்ச்சியிலும் ஏறக்குறைய ஒரு சென்ரிமீற்றர் நீளமே உடையது. இரு நுனியும் கூம்பிய இளம்பச்சை உடல். தொட்டால் துடிதுடித்து நூலிற் றொங்கும். இலைமேலேயே மெல்லிய வலைபோன்ற கூடு கட்டும். இதன் பூச்சி சிறகை மடித்து அமர்ந்தால் முதுகிலே வைரவடிவங்கள் வரிசையாய்த் தோன்றும். இது மெய்யான பகை. உலகெங்கும் கோவாச் செய்கையாளரை வருத்துவது. மருந்தால் இதனை வெல்வோம் என்று கருதியவர்க்கு இது நல்ல பாடம் புகட்டிற்று. 1950களின் தொடக்கத்தில் ஜாவாத் தீவிலே டி.டி.ரி மருந்துக்கு இது பணியாமை அறியப்பட்டது. பயிர்ப்பகைகளுள் அம்மருந்தை எதிர்த்து நின்றதாக முதலில் அறிவிக்கப்பட்டவற்றுள் இஃது ஒன்று. பின்னர் மேற்கூறிய பற்றீரியா மருந்தையும் வயலிலே எதிர்த்து நின்றது. ஒரே மருந்தை ஓயாது தெளித்தால், மாள்வன மெலிந்த புழுக்களே; எஞ்சிப் பெருகுவன வலியவை. வீட்டிற்குப் பத்துப் பன்னிரண்டு கோவா நடுபவர் நாள்தோறும் இலையைத் திருப்பிப் பார்த்துக் கையால் எடுத்தலே சாலும்.

கொன்றை இனச் செடிகளில், நடுநரம்போடு நீட்டிப் படுத்து, பக்கத்தே வெளிறிய கோடும் நுண்ணிய கரும்புள்ளிகளும் கொண்ட பச்சைப் புழுவைக் காணலாம். இதுவே பின்னர் வெளிர்மஞ்சள் வண்ணத்துப்பூச்சியாகித் திரள் திரளாய்ப் பறப்பது. சிவனொளிபாதமலைக்கு அட்டன் வழியே யாத்திரை செல்வோர் ஆண்டின் சில மாதங்களில் இப்பூச்சிகள் மலையை நோக்கிச் செல்வதைக் கண்டிருப்பர். சிங்கள மக்கள் அம்மலையைச் ‘சமனல கந்த’ என்பர். ‘சமனல’ என்னும் சொல் வண்ணத்துப்பூச்சியையும் குறிக்கும். அவையும் மலையைத் தொழச் செல்வன என்பது மக்கள் நம்பிக்கை. அத்திரளில் ஒவ்வொன்றும் எங்கோ ஓர் இலையிற் பச்சைப் புழுவாய் இருந்ததே.

கையால் தொடத்தகாத பச்சைப் புழுவும் ஒன்றுண்டு. குறுகித் தடித்து, முதுகிலே நீலக்கோடு ஓடி, வரிசை வரிசையாய் முட்கற்றைகள் உடைய புழு அது. தேயிலையிலும் பல மரங்களிலும் வாழும். முள் தைத்தால் நெருப்புச் சுட்டதுபோற் கடுக்கும். தைத்த இடத்தைத் தேய்த்தலாகாது. ஒட்டும் நாடாவை ஒட்டி உரித்து முள்ளை அகற்றி, சவர்க்காரமிட்டுக் கழுவி, குளிர்நீர்த் துணியை வைத்தல் வேண்டும். மூச்சு முட்டினாலும் முகம் வீங்கினாலும் தாமதியாது வைத்தியசாலைக்குச் செல்லுதல் வேண்டும். மழமழப்பான பச்சைப் புழு பெரும்பாலும் தீங்கற்றது. முள்ளும் மயிரும் உள்ளதைக் குச்சியாலன்றித் தீண்டற்க. குழந்தைகளுக்கு முதலிற் கற்பிக்க வேண்டிய பாடம் இதுவே.

தேயிலையின் இலைசுருட்டிப் புழு

இனித் தேயிலை மலைக்குச் செல்வாம். கொழுந்து எடுக்கும் பெண்கள் இரண்டு மூன்று இலைகள் நூலால் ஒன்றோடொன்று பிணைந்திருப்பதைக் காண்பர். பிரித்துப் பார்த்தால், கருந்தலையும் பச்சை உடலும் கொண்ட மெல்லிய புழு ஒன்று, பின்னோக்கி விரைந்து நெளிந்து நூலிலே இறங்கிவிடும். ‘தோட்றிக்ஸ்’ என்று தோட்டங்களில் வழங்கும் இலைசுருட்டிப் புழு இதுவே. இதன் பூச்சி சிறகை மடித்து அமர்ந்தால் மணியின் வடிவிற் றோன்றும் கபிலநிற அந்துப்பூச்சி. முற்றிய இலையின் மேற்புறத்திலே மீன் செதில்போல் ஒன்றன்மேல் ஒன்று படிய மஞ்சள் முட்டைகளைக் குவியலாக இடும்.

இதன் அறிவியற் பெயரின் பிற்பாதி ‘கொபியேரியா’ என்பது. தேயிலைப் புழுவுக்குக் கோப்பியின் பெயர் வந்தது எவ்வாறு? 1861 ஆம் ஆண்டில் இலங்கையிலே கோப்பித் தோட்டஞ் செய்த யோன் நீட்னர் என்னும் யேர்மானியர், கோப்பி மரத்தின் பகைகளை ஆராய்ந்து எழுதியபோது இதற்குப் பெயரிட்டார். அக்காலத்தில் மலைநாட்டிற் கோப்பியே பெரும் பயிர். 1869 ஆம் ஆண்டில் இலைத்துரு நோய் தோன்றிக் கோப்பி படிப்படியாக அழிந்தது. 1867 ஆம் ஆண்டில் லூல்கந்துறையில் யேம்ஸ் ரெயிலர் நட்ட தேயிலை அவ்விடத்தைப் பிடித்தது. தமிழ்நாட்டினின்றும் கோப்பிக்காக வந்த தொழிலாளர் தேயிலைத் தொழிலாளராயினர். கோப்பியில் வாழ்ந்த புழுவும் தேயிலைக்குக் குடிபெயர்ந்தது. பெயர் மட்டும் பழைய பயிரின் நினைவாய் எஞ்சி நிற்கின்றது.

இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் இப்புழுவின் தொல்லை பெருகிற்று. முட்டைக் குவியல்களைக் கையாற் பொறுக்கி அழித்தலே அன்றைய வழி. 1925 ஆம் ஆண்டில் அமைக்கப்பட்டுத் தலவாக்கலை சென் கூம்ஸ் தோட்டத்தில் இயங்கும் தேயிலை ஆராய்ச்சி நிலையம் வேறு வழி நாடிற்று. ஜாவாவிலும் இப்புழு உண்டு. அங்கே அதனை அடக்கி வைப்பது ஒரு சிறு குளவி என்று அறிந்து, 1935, 1936 ஆம் ஆண்டுகளில் அக்குளவியைக் கொணர்ந்து இலங்கைத் தேயிலையிற் பரப்பினர். ‘மக்றோசென்றஸ் ஓமோனே’ என்பது அதன் பெயர். சில ஆண்டுகளுள் குளவி தோட்டந்தோட்டமாகப் பரவிற்று. புழுவின் தொல்லை தணிந்தது. உயிரைக் கொண்டு உயிரை அடக்கும் முறைக்கு உலகம் எடுத்துக்காட்டும் வெற்றிகளுள் இஃது ஒன்று.

குளவியும் புழுவும்

குளவி புழுவைக் கொட்டிக் கொட்டித் தன்னைப்போல் ஆக்கும் என்பது நம் நாட்டில் வழிவழி வந்த கருத்து. ஞானாசிரியன் மாணாக்கனைத் தன் வண்ணமாக்குதற்கு நம் சமய நூலார் இதனை உவமையாக எடுத்தாளுவர். உவமையின் பொருள் அழகியது. எனினும் தோட்டத்தில் நிகழ்வது வேறு. சுவரிலே மண்கூடு கட்டும் குளவி, அக்கூட்டினுள் முட்டையிட்டு, பச்சைப் புழுவைக் கொட்டி மயக்கி அதில் அடைத்து, வாயை மூடுகின்றது. முட்டையிலிருந்து வரும் குடம்பி அப்புழுவையே உண்டு வளர்ந்து குளவியாய் வெளிவருகின்றது. உள்ளே சென்றது புழு, வெளியே வந்தது குளவி என்று கண்ட முன்னோர், புழுவே குளவியாயிற்று என்று கருதியதில் வியப்பில்லை. அவர்கள் கண்டது மெய். நடுவே மறைந்திருந்த முட்டையை மட்டும் காணவில்லை.

ஜாவாக் குளவியோ கூடு கட்டுவதில்லை. தேயிலைச் சுருளில் வாழும் புழுவின் உடலினுள்ளேயே முட்டையிடும். புழு உண்டு திரியும். உள்ளிருக்கும் குடம்பிகள் அதனை உண்ணும். 1860 ஆம் ஆண்டில் சாள்ஸ் தாவின் தம் அமெரிக்க நண்பர் ஆசா கிறே என்பார்க்கு வரைந்த கடிதத்தில், இத்தகைய குளவிகளின் செயலை நினைந்து, கருணையுள்ள கடவுள் இதனைப் படைத்திருப்பாரோ என ஐயுற்றார். நம்மவர் அருளுக்கு உவமை கண்ட இடத்தில் அவர் கொடுமையைக் கண்டார். தோட்டக்காரர் காணவேண்டியது காவலை. அசைவற்ற பச்சைப் புழுவின்மேலோ அருகிலோ வெள்ளரிசி போன்ற சிறு கூடுகள் மொய்த்திருப்பின், அவற்றைப் புழுவின் முட்டை என்று எண்ணி நசுக்கற்க. அவை காவற் குளவியின் கூடுகள். அப்புழு இனி ஓர் இலையும் உண்ணாது.

இக்காவலை நம் நாடு ஒருகால் தன் கையாலேயே அழித்தது. தேயிலைக் கிளைகளைத் துளைக்கும் சிறுவண்டு ஒன்றை ஒழிக்கும்பொருட்டு 1950களில் டீல்ட்றின் என்னும் மருந்தைத் தோட்டங்களிலே தெளிக்கத் தொடங்கினர். வண்டு குறைந்தது மெய்யே. ஆனால் இலைமேல் நடந்து திரியும் குளவியை அம்மருந்து கொன்றது. சுருளினுள் மறைந்த புழு பிழைத்தது. காவல் நீங்கவே, இருபது ஆண்டுகளாக அடங்கிக் கிடந்த இலைசுருட்டி மீண்டும் பெருகிற்று. அதனோடு, முன்னர் பெரும்பகையாக எண்ணப்படாத சுள்ளிப்புழு ஒன்றும் தேயிலையை மொட்டையாக்கலாயிற்று. அதன் காரணத்தைத் தந்தநாராயண, கதிரவேற்பிள்ளை என்னும் ஆராய்ச்சியாளர் இருவர் 1969 ஆம் ஆண்டில் வெளியிட்ட கட்டுரையில் ஆராய்ந்து, டீல்ட்றின் அப்புழுவின் இயற்கைப் பகைகளை அழித்தமையை எடுத்துக்காட்டினர். அம்மருந்தைக் கைவிட நேர்ந்தது. 2001 ஆம் ஆண்டின் ஸ்ரொக்ஹோம் உடன்படிக்கை உலகம் விலக்கவேண்டிய முதற் பன்னிரண்டு நஞ்சுகளுள் டீல்ட்றினையும் சேர்த்தது.

வண்டைக் கருதி எறிந்த கல் குளவியின்மேல் விழுந்தது. பயன் பெற்றது புழு. ஓருயிரின் பெயரை மட்டும் அறிந்து, அதனைச் சூழ்ந்தவற்றை அறியாது மருந்திட்டால் வருவது இதுவே.

வளர்த்துப் பார்த்தல்

ஐயந்தீரப் பெயரறியும் வழி புழுவை வளர்த்துப் பார்த்தலே. இதற்கு ஆய்வுகூடம் வேண்டா. வாயகன்ற கண்ணாடிப் போத்தல் ஒன்று, வாயைக் கட்ட மெல்லிய துணி ஒன்று, கைக்கண்ணாடி ஒன்று, குறிப்புப் புத்தகம் ஒன்று ஆகியவை போதும். எந்தச் செடியிற் புழுவை எடுத்தோமோ அச்செடியின் புது இலையை நாள்தோறும் இடுக. வாடிய இலையையும் எச்சத்தையும் அகற்றுக. ஈரம் தேங்கினாற் பூஞ்சணம் பிடித்துப் புழு மாளும். தனியே நீர் வைத்தல் வேண்டா. இலையின் நீரே அதற்குப் போதும். மருந்து தெளித்த இலையை இடலாகாது. வாலிற் கொம்புள்ள பெரும்புழுவாயின், போத்தலின் அடியில் மூன்று விரல் உயரத்திற்கு ஈரமண் இடுக. தேசிப்புழுவாயின் கூடு கட்டுதற்கு ஒரு சாய்ந்த குச்சி வேண்டும்.

குறிப்புப் புத்தகத்திலே எடுத்த நாள், ஊர், செடி, நீளம், பொய்க்காலின் தொகை, தோல் உரித்த நாள், கூடான நாள், பூச்சி வெளிவந்த நாள் என்பவற்றை எழுதுக. கூட்டிலிருந்து பூச்சிக்குப் பதிலாகக் குளவியோ ஈயோ வெளிவரின் மனம் வருந்தற்க. அதுவே மிகப் பயனுள்ள குறிப்பு. நும் தோட்டத்திற் காவல் உளது என்பதற்கு அதனினும் சிறந்த சான்று இல்லை. வெளிவந்த குளவியை அச்செடியருகே விட்டுவிடுக.

முடிவுரை

2021 ஆம் ஆண்டில் இந்நாட்டிலே இரசாயன உரமும் பயிர்மருந்தும் இறக்குமதி செய்தல் திடீரெனத் தடுக்கப்பட்டது. அவ்வாண்டு முடியுமுன்னரே அத்தடை தளர்த்தப்பட்டது. மருந்தை எங்கும் தெளித்தலும், அதனை ஒரே நாளில் விலக்குதலும் இரண்டும் அறியாமையின் இரு முனைகள் என்பதே எமது கருத்து. இடையே உள்ளது அறிவின் வழி. அது மெதுவானது, ஒவ்வோர் இலையாகத் திருப்பிப் பார்ப்பது.

மலைநாட்டில் இவ்வழியை நன்கு அறிந்தோர் பலர் எழுத்தறிந்தோரல்லர். நாள்தோறும் ஆயிரக்கணக்கான இலைகளை விரலாற் றொட்டறியும் பெண்கள், எந்த மலையிற் சுருள் மிகுந்தது, எந்த மரத்தடியில் முட்புழு விழும், மருந்து தெளித்த கிழமை கை எவ்வாறு எரியும் என்பனவற்றை எவர்க்கும் முன்னே அறிவர். அவர் கூறுவதைக் கேட்டு எழுதுவார் இல்லை என்பதே குறை. நம் கல்லூரி மாணவர், சிறப்பாக மலைநாட்டிலிருந்து வந்து பயிலும் மாணவர், விடுமுறைக்கு வீடு செல்லும்போது ஒரு போத்தலும் ஒரு புத்தகமும் கொண்டு செல்வாராக. தாயரிடமும் பாட்டிமாரிடமும் கேட்டு, புழுக்களுக்கு அவர் வழங்கும் பெயர்களையும் எழுதுவாராக. பத்து மாணவர் ஓராண்டு இவ்வாறு செய்யின், றொசல்ல முதல் நுவரெலியா வரை உள்ள தோட்டப் புழுக்களின் பட்டியல் ஒன்று தமிழில் உருவாகும். நூற்பெயர்களோடு தோட்டத்து மக்களின் பெயர்களும் ஒருங்கே அமைந்த அத்தகைய பட்டியலை இம்மலரின் வழிவரும் இதழொன்றிற் காண விழைகின்றோம்.

அதுவரையும் பழைய மாணவ அன்பர்க்கு நாம் கூறுவது ஒன்றே. அடுத்த முறை கறிவேப்பிலையில் ஒரு பச்சைப் புழுவைக் காணின், காலைத் தூக்குமுன் செடியைப் பாருங்கள், காலை எண்ணுங்கள், அருகே வெண்கூடு உளதோ என்று நோக்குங்கள். அதற்குச் செல்லும் நேரம் ஒரு நிமிடமே.